மனச்சோர்வும் மூளையின் நெகிழ்வும்

மனச்சோர்வு நோய்க்குச் சிகிச்சை செய்யும் மருத்துவர் எவரும் முதல் நாளிலேயே நோயாளியிடம் சொல்லியனுப்பும் எச்சரிக்கை ஒன்று உண்டு. மாத்திரையை இன்றே தொடங்கினாலும் குணம் தெரிய இரண்டு மூன்று வாரம், சிலருக்கு ஆறு வாரம்கூட, பிடிக்கும். அதற்குள் பயனில்லை என்று நிறுத்திவிடலாகாது என்பதே அது. நோயாளிக்கு இது பொறுமையைக் கற்பிக்கும் வார்த்தை. ஆராய்ச்சியாளருக்கோ நெடுங்காலம் உறுத்திக்கொண்டிருந்த ஒரு முரண்பாடு. செரோட்டோனின் முதலிய நரம்பு ரசாயனங்களின் அளவைக் கூட்டுவதற்கென்றே அமைந்த அம்மருந்து, தான் செய்ய வேண்டிய ரசாயன காரியத்தைச் சில மணி நேரத்திற்குள் மூளையில் செய்து முடித்துவிடுகிறது. அவ்வாறாயின் துயரம் மட்டும் ஏன் வாரக்கணக்கில் காத்திருந்து விலக வேண்டும்? இடைப்பட்ட அந்த நாட்களில் மண்டையோட்டினுள் நிகழ்வதுதான் என்ன? இக்கேள்விக்கு விடை தேடப் புகுந்தவர்களே, மூளை தன் அமைப்பைத் தானே மாற்றிக்கொள்ளும் சக்தியாகிய நெகிழ்வுக்கும் மனச்சோர்வுக்கும் உள்ள சம்பந்தத்தைக் கண்டெடுத்தவர்கள். அச்சம்பந்தம் எத்தகையது, எவ்வளவு நிரூபணமாகியிருக்கிறது, எவ்விடத்தில் ஊகமாகவே நிற்கிறது என்பனவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் ரசாயனக் கொள்கை பிறந்த வகையைச் சொல்லிவிட வேண்டும். ஏனெனில் நெகிழ்வுக் கொள்கை அதன் போதாமையிலிருந்தே எழுந்தது. 1952-இல் நியூயார்க் நகரைச் சேர்ந்த ஸ்டேட்டன் தீவின் ஸீ வியூ மருத்துவமனையில் காசநோயாளிகளுக்கு இப்ரோனியஸைடு என்ற புதிய மருந்தைக் கொடுத்துப் பார்த்தபோது, அவர்களுடைய நுரையீரல் தேறுவதற்கு முன்பே உள்ளம் தேறிவிட்டது. படுக்கையோடு படுக்கையாகக் கிடந்தவர்கள் பசியெடுத்து உண்டதையும், வார்டுக்குள்ளேயே ஆடிக் களித்ததையும் அக்காலத்துப் பத்திரிகைகள் வியந்து வெளியிட்டன. 1957-இல் நேதன் கிளைன் என்பார் அதனை மனச்சோர்வு மருந்தாகவே பிரயோகித்துப் பலன் கண்டார். ஏறக்குறைய அதே சமயத்தில் ஸ்விட்சர்லாந்தின் மூன்ஸ்டர்லிங்கன் மனநோய் மருத்துவமனையில் ரோலண்ட் கூன், வேறொரு மனநோய்க்கென்று பரீட்சித்த இமிப்ரமின் என்ற மருந்து சோர்வுற்றவர்களைத் தேற்றுவதைக் கவனித்தார். இரண்டுமே தேடிப் போய்க் கண்டுபிடித்தவையல்ல. கண்ணுள்ளவர் கையில் தற்செயலாய் அகப்பட்டவை.

இதற்கு எதிர்த்திசையிலிருந்து வந்த சாட்சியத்தை அளித்தது நம் நாட்டு மூலிகையாகிய சர்ப்பகந்தி. பம்பாய் மருத்துவர் ருஸ்தம் ஜால் வக்கீல் 1949-இல் அதன் ரத்த அழுத்தத்தைத் தணிக்கும் குணத்தைப் பிரிட்டிஷ் மருத்துவப் பத்திரிகையொன்றில் எழுதிய பிறகு மேலைநாட்டார் அதன்மேல் கண்வைத்தனர். 1952-இல் அதன் சாரமாகிய ரெசர்பின் பிரித்தெடுக்கப்பட்டது. அதை உண்டவர்களிற் சிலர் காரணமின்றி மனம் இடிந்து போவதாக மருத்துவர்கள் எழுதினர். ரெசர்பினோ நரம்பு நுனிகளிலுள்ள அமைன் ரசாயனங்களை வற்றச் செய்வதென்பது சோதனையில் தெரிந்திருந்தது. கூட்டினால் தேறுகிறது, குறைத்தால் சோர்கிறது என்ற இந்த எளிய கணக்கைக்கொண்டு ஜோசப் ஷில்ட்கிராட் 1965-இல் நார்அட்ரினலினையும், அவருக்குப் பின் அலெக் காப்பன் 1967-இல் செரோட்டோனினையும் முன்னிறுத்தி எழுதினர். 1987-ஆம் ஆண்டு இறுதியில் ஃப்ளுவாக்ஸெடின் அமெரிக்காவில் அனுமதி பெற்றபின், மூளை ரசாயனத்தின் சமநிலைக் குலைவே மனச்சோர்வு என்ற வாக்கியம் விளம்பரத்தின் துணைகொண்டு உலகெங்கும் பரவிற்று.

அவ்வாக்கியத்தின் குறை ஆராய்ச்சியாளருக்கு ஆரம்பத்திலிருந்தே தெரிந்ததுதான். மருந்தின் தாமதம் ஒன்று. செரோட்டோனின் உண்டாவதற்கு வேண்டிய டிரிப்டோஃபேன் இல்லாத ஆகாரத்தைக் கொடுத்து ஆரோக்கியமானவர்களின் செரோட்டோனினைத் தாழ்த்தினாலும் அவர்கள் மனச்சோர்வு நோயாளிகளாவதில்லை என்பது மற்றொன்று. 2022-இல் ஜோஅன்னா மாங்கிரீஃப் முதலியோர் அதுவரை வந்த ஆய்வுகளையெல்லாம் திரட்டி, செரோட்டோனின் குறைவே இந்நோய்க்குக் காரணம் என்பதற்குத் தக்க சான்றில்லை என்று எழுதியபோது பொதுமக்களிடையே எழுந்த கூச்சல் பெரிது. துறைக்குள்ளிருந்தவர்கள் அவ்வளவு திடுக்கிடவில்லை. காரணம் தவறென்றால் மருந்தும் பொய்யென்று ஆகிவிடாது. மருந்து ஏதோ ஒரு வழியில் வேலை செய்கிறது. அவ்வழி இதுவன்று என்பதுதான் விளங்கிற்று.

மாற்று வழியைக் காண்பதற்குத் தடையாயிருந்தது நரம்பியலின் மற்றொரு கொள்கை. நரம்பணு தனித்தனி உயிரணு என்று நிலைநாட்டி 1906-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட ஸ்பெயின் தேசத்துச் சாந்தியாகோ ரமோன் இ கஹால், வளர்ந்து முடிந்த மூளையில் நரம்பு வழிகள் மாறுதலற்றவை, அங்கே அழிவு உண்டு, மறு பிறப்பில்லை என்ற கருத்தை விட்டுச் சென்றார். அது எதிர்கால விஞ்ஞானம் முடிந்தால் திருத்தட்டும் என்ற விருப்பத்தோடு சொல்லப்பட்ட தீர்ப்பு. பின்வந்தோர் விருப்பத்தை மறந்து தீர்ப்பை மட்டும் மனனம் செய்தனர். எனினும் இணைப்புகளின் வலிமையாவது மாறத்தான் வேண்டும், இல்லையேல் கல்வியும் ஞாபகமும் எங்ஙனம் நிகழும் என்ற கேள்வியைத் தட்ட முடியவில்லை. கனடாவின் டொனால்ட் ஹெப் 1949-இல், சேர்ந்து இயங்கும் நரம்பணுக்களுக்கு இடையேயுள்ள இணைப்பு வலுப்பெறும் என்று ஊகித்தார். 1973-இல் டிமதி பிளிஸ், டெரியே லோமோ என்னும் இருவர், முயலின் மூளையில் ஹிப்போகாம்பஸ் எனப்படும் பகுதிக்குச் செல்லும் நரம்பு வழியை மின்துடிப்புகளால் தூண்டி, அதன்பின் அவ்விணைப்பு மணிக்கணக்காக வலுப்பெற்றே நிற்பதைக் காட்டினர். ஊகத்திற்கு உடல் கிடைத்தது.

புது நரம்பணு பிறப்பதைப்பற்றிய செய்தி இதைவிடத் துன்பமானது. 1965-இல் ஜோசப் ஆல்ட்மனும் கோபால் தாஸும் எலியின் ஹிப்போகாம்பஸில் பிறவிக்குப் பின்னரும் நரம்பணுக்கள் தோன்றுவதை எழுதியபோது அதைச் செவிமடுத்தார் இல்லை. கால் நூற்றாண்டு கழித்தே அவ்வெழுத்து மீட்கப்பட்டது. 1998-இல் பீட்டர் எரிக்ஸனும் ஃபிரெட் கேஜும், நோயின் நிமித்தம் அணுப்பிளவைக் குறிக்கும் சாயப்பொருள் ஒன்றைப் பெற்றிருந்த புற்றுநோயாளிகள் சிலர் இறந்தபின் அவர்களுடைய மூளையை ஆராய்ந்து, முதிர்ந்த மனிதனிலும் ஹிப்போகாம்பஸில் புது நரம்பணுக்கள் தோன்றுகின்றன என்று அறிவித்தனர். இம்முடிவு பிற்பாடு எவ்வளவு வழக்குக்கு உள்ளாயிற்று என்பதைப் பின்னர்ச் சொல்வோம்.

மனச்சோர்வையும் இந்த நெகிழ்வையும் ஒரே சட்டத்திற்குள் கொண்டுவந்தது மனவழுத்தத்தைப்பற்றிய ஆராய்ச்சி. நியூயார்க்கில் ராக்ஃபெல்லர் நிறுவனத்தைச் சேர்ந்த புரூஸ் மக்யூவன், அட்ரினல் சுரப்பியின் அழுத்தநீர் மூளையில் எங்கே சென்று தங்குகிறது என்று தேடி, 1968-இல் அது ஹிப்போகாம்பஸில் மிகுதியாகப் படிவதைக் கண்டார். பயமும் கவலையும் சிறுநீரகத்தின் மேலுள்ள ஒரு சிறு சுரப்பியின் வழியாகத் திரும்பிவந்து ஞாபகத்தின் இருப்பிடத்தைத் தொடுகின்றன என்பது அக்காலத்திற்கு எதிர்பாராத செய்தி. 1990 முதல் அவருடைய சோதனைச்சாலையிலிருந்து வந்த கட்டுரைகள், அவ்வழுத்தநீரை வாரக்கணக்கில் பெற்ற எலிகளிலும், நாள்தோறும் கட்டிப்போட்டு வருத்தப்பட்ட எலிகளிலும் ஹிப்போகாம்பஸ் நரம்பணுக்களின் கிளைகள் குறுகிக் குட்டையாகின்றன என்று காட்டின. அணுக்கள் சாவதில்லை, கிளை ஒடுங்குகின்றன, அழுத்தம் நீங்கினால் மீண்டும் தழைக்கின்றன. ஒடுங்குவதும் தழைப்பதும் ஒரே சக்தியின் இரு முகங்கள் என்பதை இங்கே மனத்தில் கொள்ள வேண்டும்.

மனிதரில் இதற்கு நிகரானது உண்டா? 1996-இல் யெவெட் ஷெலின் முதலியோர், மனச்சோர்வு மீண்டும் மீண்டும் வந்த பெண்களின் ஹிப்போகாம்பஸ் காந்தப் படத்தில் சிறுத்திருப்பதையும், நோயில் கழிந்த காலம் மிகுமளவு சிறுமையும் மிகுவதையும் கண்டு எழுதியபோது துறை முழுவதும் நிமிர்ந்து உட்கார்ந்தது. அதன்பின் பல நாட்டு ஆய்வாளர் தம் படங்களை ஒன்றுசேர்த்து 2016-இல் வெளியிட்ட கணக்கில் 1,728 நோயாளிகளும் 7,199 நோயற்றவர்களும் அடங்கினர். அதிலும் ஹிப்போகாம்பஸ் சிறுத்தேயிருந்தது, ஆனால் வித்தியாசம் நூற்றுக்கு ஒன்றேகாலுக்குச் சற்று உட்பட்டதே. அதுவும் இளமையிலேயே நோய் கண்டவர்களிடமும் திரும்பத் திரும்ப நோய்ப்பட்டவர்களிடமுமே தெளிவாய்த் தெரிந்தது. ஒரு தனி மனிதரின் படத்தை வைத்துக்கொண்டு இவர் சோர்வுற்றவர், இவர் அல்லர் என்று சொல்ல இச்சிறு வித்தியாசம் சிறிதும் உதவாது. மேலும் சோர்வினால் சிறுத்ததா, சிறுத்திருந்ததால் சோர்வு வந்ததா என்பதையும் படம் சொல்லாது. வியட்நாம் போருக்குச் சென்று அதிர்ச்சி நோயுடன் திரும்பியவர்களையும், போர்முகம் காணாத அவர்களுடைய ஒத்த இரட்டைச் சகோதரர்களையும் ஒப்பிட்டு மார்க் கில்பர்ட்ஸன் குழுவினர் 2002-இல் செய்த ஆய்வில், போருக்குப் போகாத சகோதரருக்கும் ஹிப்போகாம்பஸ் சிறிதாகவே இருந்தது. அது வேறு நோய் என்பது உண்மை. எனினும் மனச்சோர்வின் படத்தைப் படிப்பவருக்கும் அதில் பாடம் உண்டு.

அடுத்துக் கூறப்போவது இப்பொருளில் என் மனத்துக்கு மிக முக்கியமாகப் படுவது. நம் தேசத்தில் நடந்தது என்பதனால் அன்று, வாதத்தின் போக்கையே அது திருப்பியது என்பதனால். பெங்களூரின் தேசிய உயிரியல் ஆய்வு மையத்தில் சுமந்திர சட்டர்ஜியும் அஜய் வியாஸ் முதலிய மாணவர் தோழர்களும், எலிகளை நாள்தோறும் இரண்டு மணி நேரம், பத்து நாள் அசையாது அடக்கி வைத்து, ஹிப்போகாம்பஸை மட்டுமன்றி, அச்சத்தின் இருக்கையாகிய அமிக்டலாவையும் நுண்ணோக்கியில் பார்த்தனர். ஹிப்போகாம்பஸில் எதிர்பார்த்தபடியே கிளைகள் குறுகியிருந்தன. அமிக்டலாவிலோ அதே அழுத்தத்தினால் கிளைகள் நீண்டு பரந்திருந்தன. 2002-இல் இது வெளிவந்தது. 2004-இல் அவர்கள் இன்னும் ஓர் அடி சென்று, அழுத்தம் நீங்கி இருபத்தொரு நாள் இளைப்பாறிய எலிகளைப் பார்த்தபோது, அமிக்டலாவின் வளர்ச்சி அப்படியே நின்றது. எலிகளின் அச்சமும் தணியவில்லை. ஹிப்போகாம்பஸின் ஒடுக்கமோ இத்தகைய ஓய்வில் மீள்வது.

இதன் பொருளைச் சற்று நின்று எண்ணிப் பார்க்க வேண்டும். மனச்சோர்வு என்பது நெகிழ்வின் குறைவு, மருந்து என்பது நெகிழ்வின் ஊட்டம் என்று சுருக்கிச் சொல்வது வழக்கமாகிவிட்டது. பழைய வாக்கியத்தில் செரோட்டோனின் இருந்த இடத்தில் நெகிழ்வை எழுதிவைத்ததைத் தவிர வேறு மாறுதல் அதிலில்லை. பெங்களூர் எலிகளின் மூளையில் குறைந்தது ஒரு பகுதி வஞ்சனையின்றி நெகிழ்ந்தது, வளர்ந்தது, பாடம் படித்தது. படித்த பாடம் அச்சம். ஆகையால் இந்நோயில் மூளை மாறும் சக்தியை இழந்துவிட்டது என்பதைவிட, அச்சத்தின் பக்கம் தாராளமாகவும் ஞாபகம், ஆராய்ச்சி புத்தி இவற்றின் பக்கம் கஞ்சத்தனமாகவும் அச்சக்தி பங்கிடப்பட்டுவிட்டது என்பதே பொருத்தமாகத் தோன்றுகிறது. மற்றக் கண்டுபிடிப்புகளையெல்லாம் இவ்வெளிச்சத்திலேயே படிக்க வேண்டும் என்பது என் அபிப்பிராயம்.

நரம்பு வளர்ச்சிப் பொருள்களின் கதையும் இவ்வாறே முடிகிறது. 1982-இல் ஈவ்-அலேன் பார்ட் என்பவரும் ஹான்ஸ் தோனனும் பன்றியின் மூளையிலிருந்து பிரித்தெடுத்த பி.டி.என்.எஃப். என்னும் புரதம், நரம்பணுக்களைப் பிழைக்கவும் கிளைக்கவும் செய்வது. யேல் பல்கலைக்கழகத்தில் ரொனால்ட் டூமன் குழுவினர் 1995-இல், மின்னதிர்ச்சிச் சிகிச்சையும் மனச்சோர்வு மருந்துகளும் நெடுநாள் தொடர்ந்தால் எலியின் ஹிப்போகாம்பஸில் இப்புரதத்தின் உற்பத்திக்குரிய செய்தி கூடுவதைக் கண்டனர். அழுத்தமோ அதைக் குறைக்கிறது. 1997-இல் டூமனும் ஹெனிங்கரும் நெஸ்லரும் இதைக்கொண்டு மனச்சோர்வுக்கு ஒரு புதிய கொள்கையை வகுத்தனர். வாரக்கணக்கான தாமதத்திற்கு இதில் விடை இருந்தது: ரசாயனம் உடனே கூடினாலும், அதன் ஏவலால் உயிரணுவின் உட்கருவில் ஜீன்கள் எழுந்து புரதம் உண்டாகி, கிளைகளும் இணைப்புகளும் தழைக்கக் காலம் வேண்டுமன்றோ? அக்காலத்தில் டூமனிடம் பயின்றவர்களுள் ஒருவரான விதிதா வைத்யா பின்னர் மும்பையின் டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் இதே துறையைத் தொடர்ந்து நடத்தினார்.

ஆனால் அதே புரதத்தை இன்ப உணர்ச்சிக்குரிய நரம்பு வழியில் ஆராய்ந்தபோது கதை தலைகீழாயிற்று. வலிய எலியிடம் நாள்தோறும் தோற்று அடிபட்ட சுண்டெலி, பிற எலிகளைக் கண்டாலே ஒதுங்கிப் பதுங்கத் தொடங்கும். அப்பதுங்கல் நிலைபெறுவதற்கு அவ்வழியில் பி.டி.என்.எஃப். தேவைப்படுகிறது என்றும், அங்கே அதை நீக்கிவிட்டால் எலி தோல்வியைப் பழக்கமாக்கிக்கொள்வதில்லை என்றும் 2006-இல் ஒலிவியே பெர்டனும் எரிக் நெஸ்லரும் காட்டினர். ஓரிடத்தில் அமிர்தமாகிய பொருள் மற்றோரிடத்தில் நஞ்சின் வேலையைச் செய்கிறது. ரத்தத்தில் இப்புரதத்தை அளந்து நோயின் தரத்தைச் சொல்ல முயல்பவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

புது நரம்பணுக்களின் வழக்குக்கு வருவோம். மனச்சோர்வு மருந்துகள் எலியின் ஹிப்போகாம்பஸில் நரம்பணுப் பிறப்பை மிகுவிக்கின்றன என்பது 2000-இல் தெரிந்தது. 2003-இல் லூகா சாந்தரெல்லி, ரெனே ஹென் முதலியோர், எக்ஸ் கதிரால் அப்பிறப்பைத் தடுத்துவிட்ட சுண்டெலிகளில் ஃப்ளுவாக்ஸெடினின் பலன் சில சோதனைகளில் மறைந்துபோவதைக் கண்டு எழுதினர். புது நரம்பணு முதிர்ந்து வேலைக்கு வர ஆகும் காலமும் மருந்து பலிக்க ஆகும் காலமும் ஏறக்குறைய ஒத்திருந்தபடியால் விடை கிடைத்துவிட்டதென்றே பலரும் நம்பினர். ஆனால் மனிதனின் நிலை என்ன? ஸ்டாக்ஹோமில் யோனாஸ் ஃப்ரீஸன் குழுவினர், அணுகுண்டுச் சோதனைகளால் காற்றில் கலந்த கதிரியக்கக் கார்பன் உயிரணுக்களில் எவ்வளவு சேர்ந்திருக்கிறது என்று பார்த்து அவற்றின் வயதைக் கணித்து, ஒவ்வொரு ஹிப்போகாம்பஸிலும் நாளொன்றுக்கு 700 நரம்பணு வீதம் சேர்வதாக 2013-இல் எழுதினர். வல்லரசுகளின் வெறிச்செயல் நரம்பியலுக்குக் காலக்கணிதமாய்ப் பயன்பட்டது விந்தைதான். 2018-இலோ, சில வாரங்களுக்குள் இரு கட்டுரைகள் ஒன்றையொன்று மறுத்து வந்தன: சான்ஃபிரான்சிஸ்கோ குழுவினர், குழந்தைப் பருவத்திலேயே இப்பிறப்பு அருகி, முதிர்ந்தவரிடம் காணவே இல்லை என்றனர், நியூயார்க்கில் மௌரா போல்ட்ரினி முதலியோர் எழுபது வயதைக் கடந்தவரிடமும் அது நடைபெறுகிறது என்றனர். இறந்த மூளையை எவ்வளவு நேரத்திற்குள், எந்தத் திரவத்தில் பதப்படுத்தினர் என்பதைப் பொறுத்தே முடிவு மாறுகிறது என்று இருதரப்பாரும் வாதித்து வருகின்றனர். மனிதனின் மனச்சோர்வு இந்தச் சில நூறு நரம்பணுக்களைப் பற்றித் தொங்குகிறது என்று சொல்லத் தக்க ஆதாரம் இல்லை.

இதற்கிடையில், வாரக்கணக்கான தாமதத்தைக்கொண்டு கட்டிய மாளிகைக்கே ஒரு மருந்து சவாலாக வந்தது. அறுவைச் சிகிச்சையில் மயக்கமருந்தாய்ப் பயன்படும் கீட்டமினை மயக்கத்திற்கு வேண்டியதைவிடக் குறைந்த அளவில் செலுத்தினால் மனச்சோர்வு சில மணி நேரத்திலேயே தணிகிறது என்று 2000-இல் யேல் மருத்துவர்கள் ஒரு சிறு கூட்டத்தில் கண்டனர். 2006-இல் கார்லோஸ் சராட்டே, வேறு மருந்துகளுக்கு மசியாத நோயாளிகளிடம் அதை உறுதி செய்தார். அதன் ஓர் உருவமாகிய எஸ்கீட்டமின், மூக்கிலிடும் மருந்தாக 2019-இல் அமெரிக்காவில் அனுமதி பெற்றது. இது நெகிழ்வுக் கொள்கையைக் கவிழ்க்கவில்லை. 2010-இல் டூமன் குழுவினர், ஒரே ஒரு முறை செலுத்திய கீட்டமின் எலியின் நெற்றிப்புற மூளையில் ஒரு நாளுக்குள் புதிய இணைப்பு முட்களை முளைக்கச் செய்வதைக் காட்டினர். 2019-இல் கானர் லிஸ்டன் குழுவினர் செய்த சோதனை இன்னும் நுட்பமானது. அழுத்தத்தால் இழந்த முட்கள் கீட்டமினுக்குப் பின் பெரும்பாலும் பழைய இடங்களிலேயே திரும்ப முளைத்தன. ஆனால் எலியின் நடத்தை மூன்று மணி நேரத்தில் தேறிவிட, முட்களோ அதற்கும் பல மணி நேரம் கழித்தே தோன்றின. புது முட்களை ஒளியினால் தேர்ந்து அழித்தபோது தேறிய நடத்தை நிலைக்கவில்லை. இணைப்பு முளைப்பது குணத்தைத் தொடங்கி வைப்பதன்று, நிலைநிறுத்துவது என்பதே இதன் தாற்பரியம். இவ்வேறுபாட்டைக் கவனியாமல் கீட்டமின் மூளையைப் புதுப்பிக்கிறது என்று எழுதுவோர் அவசரக்காரர்கள்.

கொள்கைகளை இவ்வளவு நெருங்கிப் பார்த்தபின், இவை யாவற்றையும் ஒரு சூத்திரத்தில் கோக்க முயன்றவராகிய ஹெல்சிங்கியின் ஈரோ காஸ்ட்ரேனைப்பற்றிச் சொல்வது எளிது. மருந்து மனநிலையைக் கொடுப்பதில்லை. மூளையை மாறத்தக்க நிலைக்குக் கொண்டுவருகிறது. எத்திசையில் மாறுவதென்பதை அக்காலத்தில் அம்மூளைக்கு நேரும் அனுபவமே முடிவு செய்கிறது என்பது அவர் கட்சி. 2008-இல் இத்தாலியின் பீசா நகரத்தாரோடு சேர்ந்து அவர் செய்த சோதனையில், குட்டிப் பருவத்தில் ஒரு கண் மூடப்பட்டு அக்கண் மங்கிப்போன எலிகளுக்கு, வளர்ந்த பிறகு ஃப்ளுவாக்ஸெடின் கொடுத்து, நல்ல கண்ணை மூடி, மங்கிய கண்ணை உழைக்க வைத்தனர், பார்வை திரும்பிற்று. குட்டிப் பருவத்தோடு அடைபட்டுப்போனதாகக் கருதிய வாயில் வளர்ந்த பருவத்திலும் திறந்தது. 2011-இல், ஓசையோடு மின்னதிர்ச்சியைச் சேர்த்துப் பயமுறுத்தப்பட்ட சுண்டெலிகளை ஆராய்ந்தபோது, மருந்து மட்டும் கொடுத்தால் பயம் நீங்கவில்லை. பயத்தை மறக்கும் பயிற்சி மட்டும் அளித்தால் நீங்கிய பயம் திரும்பி வந்தது. இரண்டும் சேர்ந்தபோதுதான் நிலையாக நீங்கியது. 2021-இல், மனச்சோர்வு மருந்துகள் பி.டி.என்.எஃப். வந்து பற்றும் ஏற்பியோடே நேராகச் சென்று பிணைவதை அவர் குழுவினர் காட்டினர்; செரோட்டோனின் வழியாகச் சுற்றிவரும் பாதை ஒன்றே வழி என்று இனிக் கொள்ள வேண்டியதில்லை.

இக்கருத்துக்கு ஒரு கசப்பான பக்கம் உண்டு. அதனாலேயே அது எனக்கு நம்பத்தக்கதாகப் படுகிறது. உழுது போட்ட நிலம் நெல்லுக்கும் இடங்கொடுக்கும், கோரைக்கும் இடங்கொடுக்கும். ரோமாபுரியில் இகோர் பிராங்கி குழுவினர் 2017-இல் வெளியிட்ட சோதனையில், ஃப்ளுவாக்ஸெடின் பெற்ற சுண்டெலிகளுள் வசதியான சூழலில் வாழ்ந்தவை தேறின. அதே மருந்தைப் பெற்று அழுத்தமான சூழலில் கிடந்தவை இன்னும் நலிந்தன. குடிகாரக் கணவன் அடிக்கும் வீட்டிற்கும், வட்டிக்காரன் வாசலில் நிற்கும் வீட்டிற்கும் மருத்துவர் மாத்திரையை மட்டும் கொடுத்தனுப்பினால் என்ன நிகழும் என்பதை எலியைக்கொண்டு தீர்மானித்துவிட முடியாதுதான். ஆயினும் கேட்கவேண்டிய கேள்வி எதுவென்பதை இச்சோதனை காட்டிவிட்டது.

மனிதரில் இவை எவ்வளவு பலித்தன என்று பார்க்கும்போதே ஆராய்ச்சியாளரின் உற்சாகம் அடங்குகிறது. மங்கிய கண்ணுடைய மனிதர்களுக்கு ஃப்ளுவாக்ஸெடினும் பார்வைப் பயிற்சியும் சேர்த்தளித்து 2018-இல் வெளியான ஆய்வில், பயிற்சி பெற்ற இருசாராரும் தேறினர்; மருந்தினால் தனியே ஒரு மிகுதி ஏற்படவில்லை. பக்கவாதம் கண்டவரின் கைகால் இயக்கம் அம்மருந்தினால் விரைவில் திரும்புகிறது என்று பிரெஞ்சுக்காரர் 2011-இல் 118 நோயாளிகளைக்கொண்டு சொன்னதை, பிரிட்டனில் 3,127 பேரை வைத்து நடத்திய பெருஞ்சோதனை உறுதிப்படுத்தவில்லை. கீட்டமினிலும் இவ்வாறே. எலியில் புது இணைப்புகள் முளைப்பதை ராப்பமைசின் என்னும் மருந்து தடுத்துவிடும். ஆதலால் மனிதரிலும் அது கீட்டமினின் பலனைத் தடுக்கும் என்றே எதிர்பார்க்க வேண்டும். 2020-இல் வெளியான ஒரு சிறு சோதனையில் அதை முன்னதாகக் கொடுத்துப் பார்த்தபோது பலன் தடைபடவில்லை. இரண்டு வாரம் கழித்துப் பார்க்கையில், கொடாதவர்களைவிடக் கொடுத்தவர்களிடமே அது நீடித்திருந்தது. மின்னதிர்ச்சிச் சிகிச்சைக்குப் பின் ஹிப்போகாம்பஸ் பருப்பது மனிதரில் பலமுறை அளந்து கண்ட உண்மை. ஆனால் மிகுதியாகப் பருத்தவரே மிகுதியாகக் குணமடைந்தனர் என்பதைப் பல நாட்டுக் கணக்குகளைத் திரட்டிய 2018-ஆம் ஆண்டு ஆய்வு மெய்ப்பிக்கவில்லை.

எலியிலிருந்து மனிதனுக்குத் தாவும் இப்பாலத்தின் பலவீனம் எங்கே என்று தேடினால், எலியின் சோர்வை அளக்கும் முறையிலேயே அது தென்படுகிறது. 1977-இல் ரோஜே போர்சோல்ட் வகுத்த நீச்சல் சோதனையில், தப்ப வழியில்லாத நீர்க்குடுவையில் விடப்பட்ட எலி எவ்வளவு நேரம் நீந்தாமல் மிதந்துகொண்டிருக்கிறதோ அவ்வளவும் நம்பிக்கையிழப்பு என்று கணக்கிடுவர். மிதப்பது சோர்வா, சக்தியை வீணாக்காத புத்தியா என்பதை எலியைக் கேட்டறிய வழியில்லை. குற்றவுணர்ச்சியும், எதிர்காலமே இருண்டு தோன்றுவதும், தன்னை மாய்த்துக்கொள்ளும் எண்ணமும் எலிக்குக் கிடையா. மனிதனின் நோய்க்கோ அவையே உயிர்நிலை. ஆதலின் உயிருள்ள மனித மூளையில் இணைப்புகளின் அடர்த்தியை நேரே அளக்க வல்ல புதிய கதிரியக்கப் படமுறை பெரிதும் வரவேற்கத்தக்கது. யேலில் சோஃபி ஹோம்ஸ் முதலியோர் 2019-இல் அம்முறையால், கடுமையான மனச்சோர்வுடையோரிடம் சில பகுதிகளில் அடர்த்தி தாழ்ந்திருப்பதையும், நோய் கடுமையாகுந்தோறும் அது தாழ்வதையும் கண்டனர். ஆய்வுக்குட்பட்டோர் தொகை சிறிது. எனினும் எலியைக் கடந்து மனிதனிடமே கிட்டிய சாட்சியம் என்ற வகையில் அதன் மதிப்புப் பெரிது.

மருந்தில்லா வழிகளைப்பற்றியும் ஒரு வார்த்தை. 120 முதியோரைக்கொண்டு கிர்க் எரிக்ஸன் 2011-இல் வெளியிட்ட சோதனையில், ஓராண்டு நடைப்பயிற்சி செய்தோரின் ஹிப்போகாம்பஸ் நூற்றுக்கு இரண்டு வீதம் பருத்தது என்பது பத்திரிகைகளில் அடிக்கடி எடுத்துக்காட்டப்படுவது. அவர்கள் மனச்சோர்வு நோயாளிகள் அல்லர் என்பதைச் சேர்த்தெழுதுவோர் அரியர். உடற்பயிற்சியால் சோர்வு ஓரளவு தணிகிறதென்பது வேறு சோதனைகளால் தெரிந்ததே; தணிவது ஹிப்போகாம்பஸ் பருப்பதனாலேயே என்பதுதான் தெரியாதது.

மருந்தும் மனவழிச் சிகிச்சையும் சேர்ந்தால் தனித்தனியே அளிப்பதைவிட மிகுந்த பலன் தருகின்றன என்பது பல சோதனைகளைத் திரட்டிப் பார்த்த ஆய்வுகளின் முடிவு. ஒன்று வாயிலைத் திறக்க மற்றொன்று உள்ளே புகுகிறது என்ற காஸ்ட்ரேன் கட்சிக்கு இது இசைவானதே. எனினும் இரு சிகிச்சையும் தத்தம் வழியில் தனித்தனியே பயனளித்துக் கூட்டுத்தொகை பெருகியது என்றும் இதற்குப் பொருள் கூறலாம். இரண்டில் எது உண்மை என்று அறிய வேண்டுமாயின், மருந்து தொடங்கிய முதற்சில வாரங்களில் மனவழிச் சிகிச்சையைப் பெற்றவரையும், அவ்வாரங்கள் கடந்து காலந்தாழ்த்திப் பெற்றவரையும், அது பெறாமல் மருந்து மட்டும் உண்டவரையும் ஒப்பிட்டுப் பார்க்கும் சோதனைகள் பெரிய அளவில் வேண்டும். மாத்திரையை விற்போருக்கு அத்தகைய சோதனையில் ஆதாயம் குறைவாகையால் அதற்கான பொருளை அரசாங்கங்களே ஒதுக்க வேண்டியிருக்கும்.

நம் நாட்டில் இக்கொள்கை மெய்யென்று ஏற்பட்டால் அதனால் விளையும் சங்கடமும் சிறிதன்று. பெங்களூர் நிம்ஹான்ஸ் நிறுவனம் 2015-16-இல் நடத்திய தேசிய மனநலக் கணக்கெடுப்பின்படி வயதுவந்தோரில் இருபதில் ஒருவர் வாழ்நாளில் ஒரு முறையேனும் மனச்சோர்வு நோய்க்கு ஆளாகின்றனர். அவர்களுள் பெரும்பாலோர் எச்சிகிச்சையும் பெறுவதில்லை. லட்சம் பேருக்கு ஒரு மனநல மருத்துவர் என்ற விகிதம்கூட இங்கே நிறைவேறவில்லை. ரசாயனக் கொள்கைக்கு மருந்துச் சீட்டு ஒன்றே போதுமாயிருந்தது. புறநோயாளிப் பிரிவின் நெரிசலில் சில நிமிஷத்தில் அதை எழுதிக் கொடுத்துவிடலாம். நெகிழ்வுக் கொள்கையோ சீட்டோடு நிற்கவொட்டாமல், மருந்து வேலை செய்யும் வாரங்களில் நோயாளி யாரோடு பேசுகிறார், எந்த வீட்டில் உறங்குகிறார், எந்த வேலைக்குப் போகிறார் என்று விசாரிக்கச் சொல்கிறது. அவ்விசாரணைக்கு வேண்டிய ஆட்களும் அவகாசமும் நம் மாவட்ட மருத்துவமனைகளில் இன்றில்லை.